ஜெருசலேம் சாலையில் ஒரு பேரீச்ச மரம்

2002ஆம் ஆண்டு டிசம்பர் 12. போலந்துத் தலைநகர் வார்சாவில் கடுங்குளிர் காலம். நகரின் மிகப் பரபரப்பான ரவுண்டானா ஒன்றின் நடுத்திட்டில் அன்று ஒரு பேரீச்ச மரத்தைத் தூக்கி நிறுத்தினார்கள். ஏறக்குறைய 15 மீட்டர் உயரம். உள்ளே எஃகுக் குழாய், மேலே அசல் மரத்தின் செதில் செதிலான பட்டை போலவே பட்டை, உச்சியில் பிளாஸ்டிக் ஓலைகள். அமெரிக்காவின் கலிஃபோர்னியாவில் எஸ்கோண்டிடோ என்ற ஊரில் உருவான மரம் அது. அங்கிருந்து கடல் தாண்டி, கண்டம் தாண்டி, பனி பெய்யும் ஊருக்கு வந்து நின்றது. இருபது ஆண்டுகளுக்கு மேலாகியும் அதே இடத்தில் நிற்கிறது. நிறுவியவர் ஜோவன்னா ராய்கோவ்ஸ்கா என்ற போலந்துக் கலைஞர்.

பேரீச்சை எந்த மண்ணில் நிற்கும், எந்த மண்ணில் நிற்காது என்பது தருமபுரி மாவட்டத்துக்காரர்களுக்கு ஓரளவு தெரியும். ஏரிக்கரையிலும் ஓடைக்கரையிலும் தானாக முளைத்துக் கிடக்கும் ஈச்ச மரம் நமக்குச் சொந்தம். அதன் ஓலையில் துடைப்பம் கட்டினார்கள், கூடை முடைந்தார்கள். தென்பெண்ணையின் குறுக்கே அணைக்கட்டு உள்ள ஓர் ஊரின் பெயரிலேயே ஈச்சம் இருக்கிறது: ஈச்சம்பாடி. அந்த ஈச்ச மரத்தின் பாலைவனத்து உறவினர் பேரீச்சை. வளைகுடா நாட்டில் வேலை பார்த்துத் திரும்பிய நம் மாவட்டத்துக்காரர் ஒருவர் தருமபுரியை அடுத்த அரியகுளத்தில் அதைப் பயிரிட்டுக் காய்க்கவும் வைத்தார். திசு வளர்ப்பில் உருவான பர்ஹி ரகக் கன்றுகள். ஆணும் பெண்ணும் தனித்தனி மரம் என்பதால், ஆண் பாளையின் மகரந்தத்தைப் பெண் பாளையில் கையால் தூவ வேண்டும். பழம் கனிந்து கருக்கும்வரை விட்டால் மழை கெடுத்துவிடும். அதனால் மஞ்சளாக, மொறுமொறுப்பாக இருக்கும்போதே குலையை இறக்கிவிடுகிறார்கள். வெயிலும் வறட்சியும் நமக்குக் கிடைத்த தண்டனை என்று நினைத்திருந்த ஊரில், அந்த வெயிலையே நம்பி ஒரு மரம் காய்த்தது.

வார்சாவில் அந்த வெயில் இல்லை. வெப்பமானி சில குளிர்காலங்களில் பூஜ்யத்துக்குக் கீழே இருபது பாகைவரை இறங்கும். அசல் மரத்தைக் கொண்டுபோய் நட்டால் முதல் பனிக்காலத்தைக்கூடத் தாண்டாது. அது தெரிந்தேதான் ராய்கோவ்ஸ்கா பிளாஸ்டிக் மரத்தைக் கொண்டுவந்தார். அங்கே வாழவே முடியாத ஒரு மரம் நகரின் நட்டநடுவில் எல்லோர் கண்ணிலும் படும்படி நிற்க வேண்டும் என்பதுதான் அவர் எண்ணம்.

ராய்கோவ்ஸ்கா 1968இல் பிட்கோஷ் நகரத்தில் பிறந்தவர். கிராக்கோவ் நுண்கலைக் கழகத்தில் ஓவியமும் யாகெல்லோனியப் பல்கலைக்கழகத்தில் கலை வரலாறும் படித்தார். ஆனால் அவர் பெயர் சொல்லும் வேலைகள் சுவரில் மாட்டும் படங்களாக இல்லை. பொது இடத்தில் ஒரு பொருளை வைப்பார், அல்லது தன் உடலையே வைப்பார், அதைச் சுற்றி நடப்பதைப் படம் பிடிப்பார். ‘பாஸ்யா’ என்ற 2009ஆம் ஆண்டுப் படத்தில் மனநல மருத்துவமனை நோயாளியின் உடையை அணிந்துகொண்டு ஷ்வியெச்சியே என்ற சிற்றூரின் தெருக்களில் நடந்தார். அவருடைய தாயார் வாழ்வின் கடைசிக் காலத்தில் பட்ட துன்பத்தை மகள் தன் உடம்பில் ஏற்றிப் பார்த்த முயற்சி அது. ‘பெர்லினில் பிறந்தவள்’ என்ற 2012ஆம் ஆண்டுப் படைப்புக்காக, தன் பிள்ளையைப் பெற்றெடுக்கவே பெர்லினுக்குப் போனார். போலந்தின் மீது அத்தனை துன்பத்தை ஏவிய நகரத்தின் மண்ணில் ஒரு போலந்துக் குழந்தை பிறக்கட்டும் என்று நினைத்தார். அந்தக் குழந்தைக்குப் பின்னர் கண்ணில் புற்றுநோய் கண்டது. அதையும் அவர் தன் கலையிலிருந்து விலக்கி வைக்கவில்லை. இவ்வளவு தூரம் தன்னைப் பணயம் வைக்கும் ஒருவர் ரவுண்டானாவில் பிளாஸ்டிக் மரம் நட்டதை வேடிக்கைக்குச் செய்தார் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

மரத்துக்கான எண்ணம் 2001இல் பிறந்தது. அந்த ஆண்டு ராய்கோவ்ஸ்காவும் சக கலைஞர் அர்த்தூர் ஷ்மியெவ்ஸ்கியும் இஸ்ரேலுக்குப் போனார்கள். பாலஸ்தீனர்களின் இரண்டாம் எழுச்சி நடந்துகொண்டிருந்த நேரம். ஊர் திரும்பியவர், கேட்டுப் பழகிய ஒரு சாலைப் பெயரைப் புதிதாகக் கவனித்தார். வார்சாவின் நடுவில் கிழக்கு மேற்காக ஓடும் பெருஞ்சாலைக்குப் பெயர் ஜெருசலேம் சாலை. டிராம் ஓட்டுநர் முதல் தபால்காரர்வரை எல்லோரும் நாள்தோறும் சொல்லும் பெயர். ஏன் அந்தப் பெயர் என்று யாரும் கேட்பதில்லை.

காரணம் 18ஆம் நூற்றாண்டில் இருக்கிறது. அன்று வார்சா நகருக்குள் யூதர்கள் குடியிருக்கத் தடை இருந்தது. 1774இல் ஆகஸ்ட் சுல்கோவ்ஸ்கி என்ற பிரபு, நகருக்கு மேற்கே தன் நிலத்தில் யூதர்களுக்காக ஒரு குடியேற்றம் அமைத்தார். அதற்குப் ‘புதிய ஜெருசலேம்’ என்று பெயர். அங்கே கடைகள் வந்தன, வியாபாரம் சூடுபிடித்தது. நகரத்து வணிகர்களுக்கு அது பொறுக்கவில்லை, வழக்குப் போட்டார்கள். 1776இல் வீடுகள் இடிக்கப்பட்டன, சரக்குகள் பறிமுதல் ஆயின, குடியிருந்தவர்கள் விரட்டப்பட்டார்கள். இரண்டே ஆண்டு வாழ்ந்த அந்த ஊருக்குப் போகும் பாதை, ஜெருசலேம் பாதை என்ற பெயரோடு தங்கிவிட்டது.

பின்னர் தடை நீங்கி யூதர்கள் நகருக்குள் வந்தார்கள். இரண்டாம் உலகப் போருக்கு முன் வார்சாவின் மக்கள்தொகையில் சுமார் மூன்றில் ஒரு பங்கு யூதர்கள், ஏறக்குறைய மூன்றரை லட்சம் பேர். 1940இல் நாஜிகள் மதில் எழுப்பி, சுற்றுவட்டாரத்து யூதர்களையும் சேர்த்து நாலு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை அதற்குள் அடைத்தார்கள். 1942 கோடையில் அவர்களில் பெரும்பாலோரை ரயிலில் ஏற்றி ட்ரெப்ளிங்கா கொலைக்களத்துக்கு அனுப்பினார்கள். 1943 ஏப்ரலில் எஞ்சியிருந்தவர்கள் ஆயுதம் எடுத்தார்கள். ஒரு மாதத்தில் அந்தப் பகுதியே கற்குவியலாயிற்று. ராய்கோவ்ஸ்கா வளர்ந்த போலந்தில் அந்த மனிதர்கள் இல்லை, அவர்கள் வைத்துப்போன பெயர் மட்டும் சாலைப் பலகையில் இருந்தது. அந்தப் பெயர் சொல்வதைக் கண் பார்க்கும்படி செய்தால் என்ன? ஜெருசலேம் என்று பெயர் இருந்தால் ஜெருசலேமில் உள்ள மரமும் இருக்கட்டுமே. படைப்புக்கு ‘ஜெருசலேம் சாலையிலிருந்து வாழ்த்துகள்’ என்று பெயர் வைத்தார். சுற்றுலா போனவர்கள் ஊருக்கு அனுப்பும் அஞ்சலட்டையில் இருக்கும் வாசகம் மாதிரியான பெயர்.

தேர்ந்தெடுத்த இடமும் லேசுப்பட்டது இல்லை. ஜெருசலேம் சாலையும் நோவி ஷ்வியாத் என்ற கடைவீதியும் வெட்டிக்கொள்ளும் டி கால் ரவுண்டானா. ஒரு பக்கம் கம்யூனிஸ்ட் கட்சியின் தலைமையகமாக இருந்த பிரமாண்டமான கட்டடம். ஆட்சி மாறியபின் 1990களில் பங்குச்சந்தை அதற்குள்தான் நடந்தது. கூப்பிடு தூரத்தில் தேசிய அருங்காட்சியகம். அந்த நடுத்திட்டில் முன்பு கிறிஸ்துமஸ் காலத்தில் ஊசியிலை மரம் வைப்பார்கள். கிறிஸ்துமஸுக்கு இரண்டு வாரம் முன்பு, ஊசியிலை மரத்தை எதிர்பார்த்த கண்களுக்கு முன்னால் பேரீச்ச மரம் வந்து நின்றால் எப்படி இருக்கும்! நம் தருமபுரி நான்கு ரோட்டில் மார்கழி மாதம் ஒரு தேவதாரு மரம் முளைத்தது போல இருந்திருக்கும்.

திட்டியவர்கள் ஏராளம். நகரத்தை அசிங்கப்படுத்துகிறது என்றார்கள், மக்கள் பணம் வீண் என்றார்கள், யூதர்களைப் பற்றிய பழைய வெறுப்பும் அங்கங்கே தலைகாட்டியது. இன்னொரு பக்கம், வாழ்த்தியவர்களில் பலருக்கும் யூதர் வரலாறு மனதில் ஓடவில்லை. சாம்பல் நிறக் குளிர்காலத்தில் ஒரு பச்சைத் தலை தெரிகிறதே என்ற மகிழ்ச்சிதான் அவர்களுக்கு. ராய்கோவ்ஸ்கா தன் பொருளை யார்மீதும் திணிக்கவில்லை. இந்தப் பொறுமையைத்தான் அவரிடம் நான் பெரிதாக மதிக்கிறேன். மரத்தை நட்டார், மரம் என்ன பேசும் என்பதை ஊருக்கு விட்டுவிட்டார். ஊர் பேசப் பேசத்தான் கேள்வி கிளம்பியது. ‘பேரீச்சை ஏன்?’ ‘ஜெருசலேம் சாலை என்பதால்.’ ‘ஜெருசலேம் சாலை ஏன்?’ இந்த இரண்டாவது கேள்விக்கு எத்தனையோ பேர் முதல்முறையாகப் பதில் தேடினார்கள்.

மரத்துக்குக் கிடைத்த அனுமதி ஓராண்டுக்குத்தான். ஆண்டு முடியும் தறுவாயில் அகற்றும் பேச்சு வந்தபோது மரத்தைக் காக்க ஒரு குழு கூடியது. கலைஞர்கள், எழுத்தாளர்கள், மாணவர்கள், அந்த வழியே வேலைக்குப் போகிறவர்கள் எல்லோரும் குரல் கொடுத்தார்கள். மரம் தப்பியது. காற்றும் உறைபனியும் மட்டும் அதை விட்டுவைக்கவில்லை. ஓலைகள் பிய்ந்தன. சில காலம் மொட்டைத் தண்டாகவும் நின்றது. புது ஓலை வைத்தார்கள், அதையும் மாற்ற வேண்டியிருந்தது. பொது இடத்துக் கலைக்குத் திறப்பு விழாவைவிடப் பெரிய செலவு இதுதான். ஒவ்வொரு முறை ஓலை மாற்றும்போதும் யார் பணம் கொடுப்பது, யார் ஏறுவது, இன்னும் இது தேவையா என்ற வாதம் மறுபடி நடந்தது. ஒவ்வொரு முறையும் தேவை என்ற பக்கம் வென்றது. இப்போது அது வார்சா நவீனக் கலை அருங்காட்சியகத்தின் பொறுப்பில் இருக்கிறது.

இடையில் ஊரே மரத்துக்குப் புதிய வேலைகள் கொடுக்கத் தொடங்கியது. 2007 ஜூனில் செவிலியர்கள் சம்பள உயர்வு கேட்டுப் பிரதமர் அலுவலகத்தின் முன்னால் கூடாரம் அடித்துப் போராடினார்கள். மரத்தின் உச்சியில் செவிலியர் தொப்பி ஏறியது. அந்த நேரம் சாலையில் போனவர்களுக்கு அது யூதர்களின் நினைவுமில்லை, வெயில் நாட்டுக் கனவுமில்லை. அந்த மரம் தெருவில் உட்கார்ந்திருக்கும் செவிலியர்களோடு நின்றது, அவ்வளவுதான்.

பென்னாகரத்திலோ அரூரிலோ இதைச் சொன்னால், பிளாஸ்டிக் மரத்தை நட்டுவிட்டுக் கலை என்கிறாயே என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. அதற்கான பதில் நம் ஊர்த் திரௌபதி அம்மன் கோயில் திடலிலேயே இருக்கிறது.

மாவட்டத்தில் பாரதம் நடக்கும் ஊர்களில் பதினெட்டு நாள் பகலில் பிரசங்கம், இரவில் கூத்து. அதில் ஒரு நாள் அர்ச்சுனன் தபசு. நெடிய பனைமரம் ஒன்றை வெட்டிக் கொண்டுவந்து, படிக்கட்டைகள் அடித்து, உச்சியில் உட்காரப் பரண் கட்டித் திடலில் நடுவார்கள். மஞ்சள் குங்குமம் இட்டுப் பூசை நடக்கும். பாசுபதம் வேண்டித் தவம் செய்யப் போகும் அர்ச்சுனனாக வேடம் கட்டியவர் மரத்தின் அடியில் நின்று பாடத் தொடங்குவார். ஒவ்வொரு படிக்கும் பாட்டு. ஏறுவதற்கே நேரம் பிடிக்கும். கீழே, பிள்ளை வரம் வேண்டி விரதம் இருந்த பெண்கள் ஈரப் புடவையோடு மரத்தைச் சுற்றி இருப்பார்கள். உச்சியில் சேர்ந்தவர் எலுமிச்சம்பழமும் பூவும் விபூதியும் வீசுவார். முந்தானை ஏந்தி அதைப் பிடித்தவளுக்கு அது பிரசாதம். அங்கே நிற்பது அடிவேர் இல்லாத பனந்தண்டு என்பது அந்தப் பெண்ணுக்குத் தெரியாதா? வேடம் கட்டியவர் எந்த ஊர், யார் வீட்டுப் பிள்ளை என்பதுகூடத் தெரியும். தெரிந்தும் அந்தச் சில மணி நேரத்துக்கு அது கைலாயம், மேலே இருப்பவன் அர்ச்சுனன். கடைசி நாள் படுகளத்தில் மண்ணைக் குழைத்துத் தரையில் பல அடி நீளத்துக்குத் துரியோதனனைப் படுக்க வைக்கிறார்களே, அதுவும் இந்த வகைதான். பீமன் அந்தத் தொடையில் அடிக்கும்போது கூட்டம் ஆர்ப்பரிக்கிறது. திரௌபதி கூந்தல் முடிக்கும்போது வயதான பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்கள்.

நிகழ்த்துகலை, நிர்மாணக் கலை என்று இன்று உலகம் எதைச் சொல்கிறதோ, அதன் எல்லாக் கூறுகளும் இந்தத் திடலில் இருக்கின்றன. ஓர் இடம், அந்த இடத்துக்கென்றே செய்த பொருள், உயிரோடு நிற்கும் உடல், பார்க்க வந்து பங்கெடுத்துக்கொள்ளும் கூட்டம். அதனால் ராய்கோவ்ஸ்காவின் மரத்தைப் புரிந்துகொள்ள நமக்கு மேல்நாட்டுப் படிப்பு தேவையில்லை. வித்தியாசம் ஒன்று உண்டு. தபசு மரத்தின் கதை ஊருக்கு ஏற்கெனவே தெரியும், மரம் வந்து அந்தக் கதையில் சேர்கிறது. வார்சாவிலோ மரம் முதலில் வந்தது. ஊர் மறந்துபோன கதையை அது வெளியே இழுக்க வேண்டியிருந்தது. அது கடினமான வேலை. ஓர் இரவில் முடியாது என்பதால்தான் அந்த மரம் வருஷக்கணக்காக நிற்க வேண்டியிருக்கிறது.

ராய்கோவ்ஸ்கா இதையே 2007 கோடையில் வேறு விதமாகவும் செய்தார். ஒரு காலத்தில் யூதர் அடைப்புப் பகுதிக்குள் இருந்த க்ஷிபோவ்ஸ்கி சதுக்கத்தில் சிறு குளம் வெட்டி, அதன்மேல் மூடுபனி எழும்பச் செய்து, கரையில் உட்கார இடம் அமைத்தார். பெயர் ‘ஆக்சிஜன் ஊட்டி’. அக்கம்பக்கத்துக் கிழவர்களும் கிழவிகளும், யூத நினைவிடங்களைப் பார்க்க வந்த வெளிநாட்டுப் பயணிகளும், அலுவலக ஊழியர்களும் ஒரே கரையில் உட்கார்ந்தார்கள். அந்தச் சதுக்கத்தில் அதற்குமுன் அவர்கள் அப்படிச் சேர்ந்து உட்கார வழியிருக்கவில்லை.

மரத்தின் கதையில் எனக்கு மிக முக்கியமாகப் படும் கட்டம் 2019 ஜூன் 1. அன்று காலை வார்சாக்காரர்கள் பார்த்தபோது மரம் செத்திருந்தது. பச்சை ஓலைகள் இல்லை. காய்ந்து பழுப்பேறிய அசல் ஓலைகள் தொங்கின. முன்னறிவிப்பு இல்லாததால் என்ன ஆயிற்று என்று குழம்பினார்கள். பிளாஸ்டிக் மரம் எப்படிச் சாகும்? பிறகு விஷயம் வெளிவந்தது. ஜூன் 5 உலகச் சுற்றுச்சூழல் நாளை ஒட்டி, ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டத்தோடு இணைந்த வார்சா மையமும் ராய்கோவ்ஸ்காவும் சேர்ந்து செய்த வேலை. அந்த ஆண்டின் கருப்பொருள் காற்று மாசு. நிலக்கரிப் புகையில் மூச்சுத் திணறும் நாடு போலந்து. பதினாறு ஆண்டுகளாக அங்கே நின்ற மரம் ஒரே இரவில் காய்ந்துபோனதைப் பார்த்துப் பெரியவர்களே கலங்கினார்கள். சில வாரம் கழித்துப் பச்சை திரும்பியது.

அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு நம் சாலைகள்தான் நினைவுக்கு வந்தன. சேலத்திலிருந்து தருமபுரி வழியாகப் பெங்களூரு போகும் நெடுஞ்சாலையை அகலப்படுத்தியபோது இருபுறமும் கிளை கோத்து நின்ற புளியமரங்கள் போயின. அசல் மரங்கள், தலைமுறை தலைமுறையாக நிழலும் புளியும் கொடுத்தவை. அவற்றுக்காக வார்சாவில் கூடியது போன்ற பெரிய கூட்டம் எதுவும் இங்கே கூடவில்லை. பனைக்கும் இதே கதிதான் நேர்ந்துகொண்டிருந்தது. மாநில மரமான பனையை வெட்ட மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும் என்ற அறிவிப்பு 2021ஆம் ஆண்டு வேளாண் நிதிநிலை அறிக்கையில்தான் வந்தது. ஒன்று நிரந்தரமாக நிற்கும் என்று நம்பிவிட்டால் அது போகும்போதுகூடக் கவனிக்க மாட்டோம். வார்சா மக்கள் ஒரு பிளாஸ்டிக் மரத்துக்காகச் சண்டையிட்டது எனக்கு மிகை என்று படவில்லை. ஒரு மரத்தைப் பற்றி ஊர் கூடிப் பேசும் பழக்கம் அவர்களுக்கு அந்த மரத்தால் வந்தது.

நம் மாவட்டத்து ஊராட்சிகளையும் நகராட்சிகளையும் நான் கேட்பது பெரிய தொகை இல்லை. சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின்கலைக் கல்லூரிகளில் படித்து வெளிவரும் பிள்ளைகள் இருக்கிறார்கள். மேடையேறி ஆடத் தெரிந்த கூத்துக் கலைஞர்கள் ஊர்தோறும் இருக்கிறார்கள். ஒரு நாற்சந்தியை, ஒரு ஏரிக்கரையை, பேருந்து நிலையத்தின் ஒரு மூலையை இவர்களிடம் ஒப்படையுங்கள். அந்த இடத்தின் மறந்த கதையைக் கண்ணுக்குத் தெரியும்படி செய்யச் சொல்லுங்கள். வார்சா கொடுத்தது போல ஓராண்டு அனுமதி போதும். ஆண்டு முடிவில் அது நிற்க வேண்டுமா, போக வேண்டுமா என்பதை ஊர் முடிவு செய்யட்டும்.